நாலு தாலுகாவின் வக்கீல்

என் பாட்டா டெல்லியைப் பார்த்ததில்லை. கிழக்கே ஆரல்வாய்மொழி, மேற்கே பாறசாலை, தெற்கே கடல், வடக்கே மலை. அவருடைய நடமாட்டம் அதற்குள் முடிந்துவிடும். திருவனந்தபுரத்துக்கு மட்டும் வழக்குக்கும் ஆஸ்பத்திரிக்குமாகச் சில தடவை போயிருக்கிறார். ஆனாலும் டெல்லியில் என்ன நடக்கிறது என்பதில் அவருக்கு உரிமையோடு கூடிய ஒரு கவலை இருந்தது. அங்கே வக்கீல் இருந்தாரே. எங்கள் வீட்டில் பெயர் சேர்க்காமல் வக்கீல் என்று சொன்னால் அது பள்ளியாடி நேசமணி ஒருவர்தான். ஊரும் சுவரொட்டிகளும் மார்ஷல் என்றன. பாட்டாவுக்குக் கடைசிவரை அவர் வக்கீல்.

“நமக்க கேஸ நடத்தத்தான் மக்களே அவரு டெல்லிக்குப் போனாரு” என்பார். விளவங்கோடு தாலுகாவில் மரச்சீனி விளைகளுக்கு நடுவே வாழ்ந்த ஒரு மனிதருக்கு இந்தியாவின் முதல் பொதுத்தேர்தல் அப்படித்தான் விளங்கியிருந்தது. நமக்கு ஒரு வழக்கு இருக்கிறது. விசாரிக்கிற இடம் தூரத்தில் இருக்கிறது. நம்பி அனுப்ப ஓர் ஆள் வேண்டும். அந்தத் தேர்தலைப் பற்றிப் பின்னாளில் நான் எவ்வளவோ படித்தேன். பாட்டா சொன்ன அளவுக்கு நேராக யாரும் எழுதி நான் பார்க்கவில்லை.

அப்போது வாக்குச்சீட்டில் முத்திரை குத்துகிற முறை வரவில்லை. ஒவ்வொரு வேட்பாளருக்கும் தனிப் பெட்டி, பெட்டியில் சின்னம். மறைப்புக்குள் போய், வேண்டியவரின் பெட்டியில் சீட்டைப் போட்டுவிட்டு வரவேண்டும். எழுத்து தெரியாத பாட்டியும் போட்டாள். சர்க்கார் கட்டடம் ஒன்றுக்குள் ஆண்துணை இல்லாமல், யாரும் எட்டிப் பார்க்காமல், தனியாக அவள் நின்றது அந்த ஒரு நிமிஷந்தான் முதல் தடவை. யாருக்குப் போட்டாய் என்று பாட்டா கேட்டதற்கு அவள் பதில் சொல்லவில்லையாம். “அவ வக்கீலுக்குத்தான் போட்டிருப்பா” என்று அவர் என்னிடம் சொல்லும்போது பாட்டி அடுக்களையிலிருந்து ஒன்றும் பேசமாட்டாள். அந்த மௌனத்தை அவள் சாகும்வரை காப்பாற்றினாள். எனக்கு அது பிடித்திருந்தது.

நாகர்கோவிலில் கோர்ட்டுப் பக்கம் போகும்போது அப்பா நடையைக் குறைப்பார். குரண்டிக் கதை அங்கேதான் அவருக்கு நினைவுக்கு வரும். நேசமணி திருவனந்தபுரத்தில் சட்டம் படித்துவிட்டு 1921இல் நாகர்கோவிலுக்குத் தொழில் செய்ய வந்தார். வக்கீல்கள் கூடும் அறையில் மேல்சாதி வக்கீல்களுக்கு நாற்காலி, மற்றவர்களுக்குக் குரண்டி. குடிதண்ணீர்ப் பானையும் வேறு வேறு. ஒரே சட்டத்தைப் படித்து, ஒரே சன்னது வாங்கி, ஒரே நீதிபதியின் முன்னால் நின்று பேசுகிறவர்களுக்கு உட்கார இரண்டு உயரம். அவர் குரண்டிகளைத் தூக்கி எறிந்துவிட்டு நாற்காலி வாங்கிப் போட்டார், பானையையும் ஒன்றாக்கினார் என்பது ஊர் அறிந்த கதை. சொல்கிறவருக்கேற்ப அது வளரும். காலால் எத்தினார் என்பார் ஒருவர். இரவோடு இரவாக வண்டியில் நாற்காலி வந்திறங்கியது என்பார் இன்னொருவர்.

எனக்கு எத்தியதைவிட மறுநாள் காலைதான் பெரிதாகப் படுகிறது. மறுநாளும் அவர் அதே அறைக்குள் போயாகவேண்டும். அதே ஆட்களுக்கு எதிராக வாதாட வேண்டும், அவர்களிடமே வாய்தா பேசவேண்டும், கட்சிக்காரர்கள் தன்னை நம்பி வரும்படி நடந்துகொள்ள வேண்டும். கோயில் நுழைவுப் பிரகடனம் வருவதற்கு இன்னும் பதினைந்து வருஷம் இருந்த காலம் அது. பாட்டிமார்கள் தோள்சீலைக்காக அடிபட்ட கதைகள் வீட்டுத் திண்ணைகளில் அப்போதும் சூடாக இருந்தன. அந்த மண்ணில் கோபப்படுவதற்கு யாருக்கும் காரணம் தேட வேண்டியதில்லை. கோபப்பட்ட பிறகு முப்பது, நாற்பது வருஷம் அங்கேயே உட்கார்ந்து வேலை பார்ப்பதற்குத்தான் வேறொரு பலம் வேண்டும். பின்னாளில் அதே வக்கீல் சங்கத்துக்கு அவர் தலைவரானார்.

ஓர் அறையில் யார் எங்கே உட்காருவது என்பதில்தான் எங்கள் பக்கத்து அரசியல் எல்லாமே தொடங்கியது என்று நினைக்கிறேன். சுந்தர ராமசாமி 1966இல் ஒரு புளியமரத்தின் கதையை எழுதியபோது அந்த மரத்தின் விதியை நகரசபைத் தேர்தலோடு முடிச்சுப் போட்டார். நாகர்கோவிலில் வளர்ந்தவர்களுக்கு அது இயல்பாகவே தோன்றும். முனிசிபல் கவுன்சிலருக்கு நிற்பவரைப் பற்றி நாங்கள் பேசுகிற அளவுக்கு, அவருடைய அப்பா, மாமனார், கடை, கடன் வரை, டெல்லிக்கு நிற்பவரைப் பற்றியும் பேசுவோம். பெரிய தேர்தல், சின்னத் தேர்தல் என்ற பேதம் எங்களுக்குச் சரியாக வந்ததில்லை.

பாட்டாவின் கேஸ் என்னவென்று சொல்லவில்லை. திருவிதாங்கூர் சமஸ்தானத்தின் தெற்குக் கோடியில் தோவாளை, அகஸ்தீஸ்வரம், கல்குளம், விளவங்கோடு என்று நாலு தாலுகாக்கள். பெரும்பாலோர் பேசுவது தமிழ். கச்சேரியில் எழுதுவது மலையாளம். உத்தியோகம், நிலம், போலீஸ் எல்லாம் வேறு கைகளில். 1945இல் சாம் நத்தானியேல் தலைமையில் நாகர்கோவிலில் தொடங்கிய அமைப்பு திருவிதாங்கூர் தமிழ்நாடு காங்கிரஸாக வளர்ந்தது. நாற்பதுகளில் ஸ்ரீ சித்திரா ஸ்டேட் கவுன்சிலில் இருந்த நேசமணி 1947இல் அதற்குள் வந்தார். வந்த பிறகு அது வக்கீலின் கட்சி ஆகிவிட்டது. கட்சிக்குள் பிளவும் மறுபடி சேர்க்கையும் நடந்தன. ஆனால் ஜனங்கள் அவர் முகத்தைப் பார்த்தே ஓட்டுப் போட்டார்கள். 1948 தேர்தலை ஒட்டி நடந்த துப்பாக்கிச்சூட்டில் மாங்காட்டுத் தேவசகாயமும் கீழ்க்குளம் செல்லையாவும் இறந்தார்கள். அந்தத் தேர்தலில் கட்சிக்கு 14 இடம்.

இதைச் சொல்லும்போது இன்னொன்றையும் சொல்ல வேண்டும். பாட்டாவுக்கு மலையாளம் நன்றாகப் படிக்க வரும். நிலப்பத்திரங்களை ஊருக்கெல்லாம் படித்துச் சொன்னவர் அவர். எங்கள் பேச்சில் பாதி மலையாளம், எங்கள் குழம்பில் தேங்காய் பாதி. நெய்யாற்றின்கரையில் எங்களுக்குச் சம்பந்தகாரர்கள் உண்டு. அவர்களோடு எந்த நாளும் சண்டை இல்லை. மலையாளத்தின் மேல் வெறுப்பை நான் பாட்டாவிடம் பார்த்ததில்லை. அவருக்கு வேண்டியிருந்தது, தன் மனுவைத் தன் மொழியில் எழுதி, நின்றுகொண்டு கொடுக்காமல் உட்கார்ந்து கொடுக்கிற ஓர் அலுவலகம். எல்லைப் போராட்டம் என்றதும் இன்றைக்கு மேடைகளில் வெறுப்பைக் கலந்து பேசுகிறவர்களைக் கேட்கையில் எனக்குப் பொறுக்காமல் வருகிறது. அந்தப் போராட்டத்தில் அடிபட்டவர்களின் வீட்டிலிருந்து வருகிற நான் இதைச் சொல்லலாம் என்று நினைக்கிறேன்.

1952 தேர்தலில் கட்சிக்கு திருவிதாங்கூர்-கொச்சி சட்டசபையில் 8 இடம் கிடைத்தது. நாகர்கோவில் மக்களவைத் தொகுதியில் நேசமணி ஜெயித்தார். பக்கத்துத் திருவனந்தபுரம் தொகுதியில் சுயேச்சையாக நின்று ஜெயித்தவர் ஆனி மஸ்கரீன். பெரிய கட்சியின் பலமில்லாத இரண்டு பேர் அடுத்தடுத்த தொகுதிகளிலிருந்து அந்த முதல் மக்களவைக்குப் போனார்கள் என்பது எனக்கு எப்போதும் பெருமையாக இருக்கும். நேருவின் கட்சி நாடெங்கும் வாரிக்கொண்ட தேர்தல் அது.

ஒற்றை உறுப்பினரால் மக்களவையில் என்ன செய்ய முடியும்? இந்தக் கேள்வியை நான் அப்பாவிடம் கேட்டிருக்கிறேன். அவர் பள்ளிக்கூட வாத்தியார். யோசித்துத்தான் பதில் சொல்வார். “அங்க பேசினா குறிப்புல ஏறும். குறிப்புல ஏறினத யாரும் இல்லண்ணு சொல்ல முடியாது” என்றார். அது உண்மையாகத்தான் இருந்தது. திருவனந்தபுரம் சட்டசபையில் இந்தப் பிரச்சினை எண்ணிக்கையால் தோற்கிற பிரச்சினை. ஆட்சிகளைக் கவிழ்க்கலாம், கவிழ்க்கவும் செய்தார்கள். 1953இல் ஏ. ஜே. ஜானின் அமைச்சரவை விழுந்ததில் இந்தச் சின்னக் கட்சிக்குப் பங்கு உண்டு. ஆனால் எல்லையை மாற்றுகிற அதிகாரம் நாடாளுமன்றத்திடம் இருந்தது. அதனால்தான் தன் ஆட்களில் பெரியவரை இந்தத் தொகுதி டெல்லிக்கு அனுப்பியது. எத்தனையோ தொகுதிகளில் உள்ளூரில் வேண்டாதவரை டெல்லிக்கு ஏற்றிவிடுகிற வழக்கம் பின்னால் வந்தது. எங்களுக்குத் தொடக்கம் அப்படி இருக்கவில்லை.

1953 டிசம்பரில் மாநிலச் சீரமைப்புக் கமிஷன் வந்தது. ஃபசல் அலி, குன்ஸ்ரு, பணிக்கர். அடுத்த வருஷத் தேர்தலில் கட்சிக்கு 12 இடம். பட்டம் தாணுப்பிள்ளையின் பிரஜா சோஷலிஸ்ட் அரசு பதவிக்கு வந்தது. ஜூலையில் நேசமணி தேவிகுளம் போய்த் தடையை மீறிக் கைதானார். தெற்கே வாழ்ந்தவர் வடக்கே தேயிலை மலைக்கு ஏன் போனார் என்று சிறு வயதில் எனக்குப் புரியவில்லை. கட்சி கேட்டது நாலு தாலுகா மட்டும் இல்லை. நெய்யாற்றின்கரை, சித்தூர், செங்கோட்டை, தேவிகுளம், பீர்மேடு எல்லாம் சேர்த்து ஒன்பது. நாடாளுமன்ற உறுப்பினர் ஒருவர் தன் தொகுதியின் எல்லையைத் தாண்டி, தனக்கு ஓட்டுப் போடவே முடியாத எஸ்டேட் தொழிலாளிகளுக்காகக் கைதானார். அவர் வாழ்க்கையில் நான் மிகவும் மதிக்கிற காரியம் இது.

1954 ஆகஸ்ட் 11. விடுதலை தினம் என்று கட்சி அறிவித்திருந்தது. மார்த்தாண்டத்திலும் புதுக்கடையிலும் போலீஸ் சுட்டது. பாட்டா புதுக்கடைக் கூட்டத்தில் இருந்தார். அவர் அன்றைக்கு எந்த வழியாக வீடு வந்தார் என்று யாரிடமும் சொன்னதில்லை. சட்டையைப் பாட்டி கருங்கல் சந்தைக்குப் போகிற வழியில் உள்ள குளத்தில் துவைக்காமல், வீட்டுக்குப் பின்னால் குழிவெட்டிப் புதைத்தாள் என்று அத்தை சொல்லியிருக்கிறாள். சட்டையில் இருந்தது அவர் இரத்தம் இல்லை. யாருடையது என்பதும் அவருக்குத் தெரியும். அந்த வீட்டுப் பிள்ளைகளுக்கு ஓணத்துக்கும் கிறிஸ்துமஸுக்கும் பாட்டா துணி எடுத்துக் கொடுத்ததை மட்டும் நான் பார்த்திருக்கிறேன். புதுக்கடையில் தியாகிகளுக்கு ஒரு தூண் இருக்கிறது. ஆகஸ்ட் 11 வந்தால் எல்லாக் கட்சிக்காரர்களும் மாலையோடு வருவார்கள்.

அந்தத் துப்பாக்கிச்சூடு டெல்லி வரைக்கும் போயிற்று. சிறையில் இருந்த ராம் மனோகர் லோகியா, பட்டம் அரசு பதவி விலக வேண்டும் என்றார். அது அவருடைய சொந்தக் கட்சியின் அரசு. சுதந்திர இந்தியாவில் ஒரு சோஷலிஸ்ட் அரசு தன் ஜனங்களைச் சுடலாமா என்பது அவர் கேள்வி. கட்சி கேட்கவில்லை. அந்த விரிசல் பெரிதாகிக் கட்சியே உடைந்தது. விளவங்கோடு தாலுகாவின் இரண்டு கடைத்தெருக்களில் நடந்தது ஓர் அகில இந்தியக் கட்சியை இரண்டாக்கியது என்பதை எங்கள் ஊர்ப் பிள்ளைகளுக்கு யாரும் சொல்லிக் கொடுப்பதில்லை. 1955 பிப்ரவரியில் பட்டம் அரசு சட்டசபையில் கவிழ்ந்தது.

கமிஷன் அறிக்கை அந்த வருஷம் செப்டம்பரில் வந்தது. தெற்கே நாலு தாலுகாக்களும் செங்கோட்டையும் சென்னை மாநிலத்துக்கு. தேவிகுளமும் பீர்மேடும் கேரளத்துக்கு. எஸ்டேட்டில் வேலை பார்க்கிற தமிழர்கள் வந்துபோகிறவர்கள், அவர்கள் எண்ணிக்கையை வைத்து எல்லை போட முடியாது என்பது அறிக்கையின் எண்ணம். 1956 நவம்பர் 1 அன்று கன்னியாகுமரி மாவட்டம் பிறந்தது. பாட்டா அன்றைக்கு நடந்தே நாகர்கோவிலுக்குப் போய் வந்தார் என்று அத்தை சொல்வாள். வந்ததும் எதுவும் பேசாமல் கருப்பட்டிக் காப்பி கேட்டுக் குடித்துவிட்டுத் தூங்கிப் போனாராம்.

மூணாறுக்கு நான் வெகுகாலம் கழித்து ஒரு கல்யாணத்துக்காகப் போனேன். எஸ்டேட் லயத்தின் முன்னால் வெயில் காய்ந்துகொண்டிருந்த ஒரு பெரியவர் ஊர் கேட்டார். மார்த்தாண்டம் பக்கம் என்றதும், “நேசமணி அய்யா ஊரா?” என்றார். சங்கரன்கோவில் பக்கத்திலிருந்து அவருடைய தாத்தா காலத்தில் மலையேறிய குடும்பம். மூன்று தலைமுறை அதே லயத்தில். அவர்களைத்தான் வந்துபோகிறவர்கள் என்று எழுதினார்கள். அவர் கண்ணில் குற்றச்சாட்டு இல்லை. எனக்குத்தான் பதில் வரவில்லை. நாங்கள் கரை சேர்ந்தோம், இவர்கள் சேரவில்லை.

1958இல் தேவிகுளம் சட்டமன்றத் தொகுதியில் இடைத்தேர்தல் வந்தபோது, கம்யூனிஸ்ட் வேட்பாளர் ரோசம்மா புன்னூஸுக்காகப் பாவலர் வரதராஜன் மலைமலையாகப் போய்த் தமிழில் பாடினார். இளையராஜாவின் அண்ணன். தமிழ் ஓட்டு இல்லாமல் அங்கே யாரும் ஜெயிக்க முடியாது என்பது அன்றைக்கே எல்லாக் கட்சிக்கும் தெரிந்திருந்தது. 2015இல் மூணாறு ரோட்டில் ஆயிரக்கணக்கான தேயிலைத் தொழிலாளிப் பெண்கள் தொழிற்சங்கத் தலைவர்களையே ஒதுக்கிவிட்டு உட்கார்ந்தார்களே, பெம்பிளை ஒருமை என்று, அவர்களில் பெரும்பாலோர் தமிழ்ப் பெண்கள். தொலைக்காட்சியில் அவர்கள் கோஷம் போட்டதைப் பார்த்தபோது எனக்கு 1954 ஜூலைதான் நினைவில் வந்தது.

எல்லை மாறிய பிறகு வக்கீலின் கட்சிக்கு வேலை இல்லாமல் போய்விட்டது. காங்கிரஸில் கரைந்தது. 1957இல் அவர் டெல்லிக்கு நிற்கவில்லை. கிள்ளியூரில் நின்று சென்னைச் சட்டசபைக்குப் போனார். நாகர்கோவில் மக்களவைத் தொகுதிக்குத் தாணுலிங்க நாடார். இதில் எனக்கு ஒரு ஊகம் உண்டு. புதிதாகச் சேர்ந்த மாவட்டத்தின் கோப்புகள் எல்லாம் அப்போது சென்னையில் இருந்தன. பழைய சமஸ்தானச் சட்டம், நிலவரி, ஊழியர் பணிமூப்பு என்று ஆயிரம் சிக்கல். வேலை எங்கே இருந்ததோ அங்கே அவர் போனார். 1962இல் மறுபடி டெல்லி. 1967இல் மூன்றாவது தடவை. அந்தத் தேர்தலில் தி.மு.க. அலை தமிழகத்தைப் புரட்டிப் போட்டது. 39 மக்களவைத் தொகுதிகளில் காங்கிரஸுக்கு மிஞ்சியது 3. அந்த மூன்றில் ஒன்று நாகர்கோவில். அதே அலையில் காமராஜர் விருதுநகரில் 1,285 ஓட்டில் தோற்றார்.

1968 ஜூன் 1 அன்று வக்கீல் இறந்தார். எங்கள் முக்கில் சாயாக்கடை மூடிக்கிடந்தது எனக்கு மங்கலாக நினைவிருக்கிறது. சாயாக்கடை மூடி நான் அதுவரை பார்த்ததில்லை. காலியான இடத்துக்குக் காமராஜர் நிற்கப்போகிறார் என்ற செய்தி வந்தபோதுதான் பாட்டாவும் அப்பாவும் முதன்முதலாகச் சத்தமாகப் பேசிக்கொண்டார்கள்.

பாட்டாவின் மனத்தாங்கல் தேவிகுளமும் பீர்மேடும். டெல்லியில் வக்கீல் ஒற்றையாளாக மல்லுக்கட்டிய நாளில் சென்னையில் முதலமைச்சராக இருந்தவர் உரக்க ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாமே என்பது. அந்தக் குறை எங்கள் பக்கத்தில் பல வீடுகளில் இருந்தது, இன்றைக்கும் இருக்கிறது. அப்பா அதை மறுக்கவில்லை. ஆனால் அவருக்கு வேறொரு கணக்கு இருந்தது. காமராஜர் ஆட்சியில் ஊருக்கு ஊர் பள்ளிக்கூடம் திறக்காமல் போயிருந்தால் அவருக்கு வாத்தியார் வேலை இல்லை. மதியச் சாப்பாடு இல்லையென்றால் அவர் வகுப்பில் பாதிப் பிள்ளைகள் இல்லை. அப்போது மாத்தூரில் தொட்டிப் பாலம் கட்டி முடிந்து அதிக நாள் ஆகவில்லை. பறளியாற்றுக்கு மேலே 115 அடி உயரத்தில், மலைக்கு மலை தாண்டி, சிற்றாறு பட்டணங்கால் தண்ணீரைக் கொண்டுபோகிற பாலம். கல்குளத்தையும் விளவங்கோட்டையும் நனைப்பதற்காகக் காமராஜர் ஆட்சியில் உருவான திட்டம்.

“நீங்க எல்லையப் பாக்கீங்க, நான் தண்ணியப் பாக்கேன்” என்றார் அப்பா.

“எல்ல மாறாம இருந்தா ஒனக்கத் தண்ணி எங்க வரும்?” என்றார் பாட்டா.

இரண்டு பேரும் சொன்னது சரிதான் என்று இப்போது தெரிகிறது. அன்றைக்கு அடுக்களைக் கதவுக்குப் பின்னால் நின்று கேட்டுக்கொண்டிருந்த எனக்கு யார் பக்கம் நிற்பதென்று தெரியாமல் அழுகை வந்தது.

காமராஜர் எங்கள் முக்குக்கு வந்தது மாலை நேரம். கூட்டத்தில் அப்பா என்னைத் தோளில் ஏற்றிக்கொண்டார். வெள்ளைச் சட்டை, முழங்கை தாண்டிய கை, நீளமான கைகள். பேச்சு சின்னதாக இருந்தது. பிள்ளைகளைப் படிக்க வையுங்கள் என்றது மட்டும் என் காதில் விழுந்து நின்றது. அகில இந்தியக் காங்கிரஸுக்கே தலைவராக இருந்து இரண்டு பிரதமர்களைத் தேர்ந்தெடுத்துக் கொடுத்தவர், சொந்த ஊரில் ஒரு மாணவர் தலைவரிடம் தோற்ற பிறகு, மாநிலத்தின் கடைக்கோடியில் வந்து கைகூப்பி நின்றார். அப்படி நின்றதில் எந்த வெட்கமும் தெரியவில்லை. அவருக்கு மக்களவை புதிதில்லை. 1952இல் ஸ்ரீவில்லிபுத்தூரிலிருந்து போனவர்தான். எதிர்த்து நின்றவர் டாக்டர் மத்தியாஸ், தி.மு.க. ஆதரவோடு. சென்னையில் அண்ணா நோயோடு இருந்தார். தேர்தல் முடிந்து அடுத்த மாதம் 3ஆம் தேதி அவரும் போய்விட்டார். அமைச்சர்களெல்லாம் எங்கள் ஊர்ச் செம்மண் ரோடுகளில் காரோட்டி வந்தார்கள். நாங்கள் எண்ணியெண்ணிப் பார்த்தோம்.

1969 ஜனவரியில் நடந்த அந்த இடைத்தேர்தலில் காமராஜருக்கு 2,49,437 ஓட்டு. மத்தியாஸுக்கு 1,21,236. வித்தியாசம் 1,28,201. இந்த எண்ணை அப்பா கணக்கு நோட்டின் பின்னட்டையில் எழுதி வைத்திருந்தார், அதனால் எனக்கு மனப்பாடம். பாட்டாவும் காமராஜருக்குத்தான் போட்டார். ஓட்டுச்சாவடியிலிருந்து வந்ததும் அவராகவே சொன்னார்: “வக்கீலு இருந்த எடத்துல சின்ன ஆளு போகப்படாது.” இதில் தேவிகுளத்தை மறந்தாரா என்றால் இல்லை. மறக்காமலே போட்டார். ஜனங்கள் ஓட்டுப் போடும்போது எவ்வளவு குறையை உள்ளே வைத்துக்கொண்டு போடுகிறார்கள் என்பதை எண்ணிக்கை காட்டாது.

1971இல் இந்திரா காந்தி அலை. பழைய காங்கிரஸ் தமிழகத்தில் ஜெயித்த ஒரே மக்களவைத் தொகுதி நாகர்கோவில். மறுபடி காமராஜர். 1967, 1971 இரண்டு தடவையும் மாநிலம் ஒரு பக்கம் போக இந்தத் தொகுதி தன் பாட்டில் நின்றது. இதைச் சாதிக் கணக்கு என்றும் மதக் கணக்கு என்றும் விளக்குகிறவர்கள் உண்டு. அது இல்லாமல் இல்லை. ஆனால் முதல் தேர்தலிலேயே தன் வழக்கைத் தானே நடத்திப் பழகிய தொகுதி இது என்பதையும் சேர்த்துப் பார்த்தால்தான் முழுதாக விளங்கும்.

அந்தக் காலத்தில் எங்கள் மாவட்டத்தில் ரயிலே கிடையாது. வக்கீலும் சரி, காமராஜரும் சரி, ரயிலேற வேண்டுமென்றால் திருநெல்வேலிக்கோ திருவனந்தபுரத்துக்கோ ரோடு வழியாகப் போகவேண்டும். ரயில் வேண்டும் என்ற மனுவில் ஊரில் கையெழுத்துப் போடாதவர் இல்லை. திருவனந்தபுரத்திலிருந்து நாகர்கோவில் வழியாகக் கன்னியாகுமரிக்கு 1979 ஏப்ரலில் ரயில் ஓடியது. அப்போது உறுப்பினர் குமரி அனந்தன். பாட்டா அதற்குள் இறந்துவிட்டார். பாட்டி ஏறினாள். குழித்துறையிலிருந்து நாகர்கோவில் வரை ஜன்னலோரம் உட்கார்ந்து ஒரு வார்த்தை பேசாமல் வந்தாள். பிறகு டென்னிஸ் ஆறு தடவை ஜெயித்தார். பிறகு பொன். ராதாகிருஷ்ணன், பெல்லார்மின், ஹெலன் டேவிட்சன், வசந்தகுமார். காங்கிரஸ், த.மா.கா., பா.ஜ.க., மார்க்சிஸ்ட், தி.மு.க. என்று எல்லாவற்றையும் இந்தத் தொகுதி அனுப்பிப் பார்த்திருக்கிறது. வந்த ரயில் இன்றைக்கும் திருவனந்தபுரம் கோட்டத்துக்குள்தான் இருக்கிறது. மாவட்டம் மாறி இத்தனை வருஷம் கழித்தும் ரயில்வே மட்டும் மாறவில்லை என்று ஊர்க்காரர்கள் மனு கொடுத்துக்கொண்டே இருக்கிறார்கள்.

இப்போது எனக்கு இருக்கிற ஒரே கேள்வி நெய்யாறு இடதுகரைச் சானல். விளவங்கோடு தாலுகாவில் 9,200 ஏக்கருக்குத் தண்ணீர் கொடுத்த சானல். 2004 முதல் கேரளம் தண்ணீரை நிறுத்திவிட்டது. நெல் விளைந்த இடத்தில் ரப்பர் வைத்தார்கள், பிறகு மனை போட்டார்கள். இரண்டு மாநில விஷயம், அதனால் திருவனந்தபுரமும் சென்னையும் மட்டும் பேசி முடிகிற காரியமாக அது இல்லை. டெல்லியில் பேசி, குறிப்பில் ஏற்றி, இரண்டு பக்கத்தையும் ஒரு மேசையில் உட்கார வைக்கிற ஆள் வேண்டும். வாக்குக் கேட்டு வருகிறவர்களிடம் எந்தக் கட்சி என்று பார்க்காமல் நான் இதைத்தான் கேட்கிறேன். கேட்கும்போது குரல் உயர்ந்துவிடுகிறது. போன தேர்தலில் துண்டுப் பிரசுரம் கொடுக்க வந்த பையன் ஒருவனுக்கு அந்தச் சானல் எங்கே போகிறது என்றே தெரியவில்லை. அவன் தாத்தாவின் வயல் அதில்தான் பாய்ந்தது என்று அவன் குடும்பப் பேரைக் கேட்டபிறகு நான்தான் சொன்னேன். மறுநாள் காலை அவன் திரும்பி வந்தான். இரண்டு பேரும் நடந்து போய்க் கடைசி மடை வரை பார்த்தோம். செடி மண்டிக் கிடந்த ஷட்டரை அவன் போனில் படமெடுத்து, எத்தனை வருஷமாகத் தண்ணீர் இல்லை, எத்தனை ஏக்கர் என்று என்னிடம் கேட்டுக் கீழே தட்டி, தன் வேட்பாளருக்கு அங்கே நின்றபடியே அனுப்பினான்.